நிக் புவோனிகோன்டி: நீதிமன்றத்தின் இரண்டு பக்கமும் நின்ற ஆட்டக்காரர் (விவாத இழை)

கோட்டோரம் எழுதியது:

வணக்கம் நண்பர்களே. ஓய்வுக்குப் பிறகு விளையாட்டு வீரர்கள் என்ன ஆகிறார்கள் என்று இங்கே முன்பு ஒரு பேச்சு ஓடியது. பயிற்சியாளர், வர்ணனையாளர், விளம்பர முகம் என்ற மூன்றைத் தாண்டி யாரும் போகவில்லை. அன்றைக்கே எழுத நினைத்து விட்டுப்போன ஒருவரைப் பற்றி இன்று எழுதுகிறேன்.

நிக் புவோனிகோன்டி. அமெரிக்கக் கால்பந்து வீரர். நம்மில் பலருக்குக் கால்பந்து என்றால் வேறு ஆட்டம், அதனால் முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: இது நீள்உருண்டைப் பந்து, ஹெல்மெட், தோள்கவசம், ஒருவர் மேல் ஒருவர் பாய்ந்து வீழ்த்தும் ஆட்டம். அதில் தற்காப்பு அணியின் நடுவில் நின்று, எதிரணி என்ன செய்யப்போகிறது என்று கணித்துப் பாய்கிறவர் நடு லைன்பேக்கர். புவோனிகோன்டி அந்த இடத்தில் 14 சீசன் ஆடினார்.

1940-ல் மாசசூசெட்ஸ் மாநிலத்து ஸ்பிரிங்ஃபீல்டில் பிறந்தார். இத்தாலிய வம்சாவளிக் குடும்பம், பேக்கரி நடத்தியவர்கள். நோட்டர் டாம் பல்கலைக்கழகத்தில் ஆடினார். ஆனால் உயரம் 5 அடி 11 அங்குலம்தான். அந்த இடத்துக்கு அது போதாது என்று, பெரிய தொழில்முறை லீக்கான என்.எஃப்.எல்.-இன் அணிகள் கைவிட்டன. போட்டி லீக்காக 1960-ல் தொடங்கிய ஏ.எஃப்.எல்.-இல், புது வீரர்களை அணிகள் சுற்றுச் சுற்றாகத் தேர்ந்தெடுக்கும் முறையில், பாஸ்டன் பேட்ரியட்ஸ் அணி 1962-ல் 13-வது சுற்றில், 102-வது ஆளாக எடுத்தது.

நான் இழை தொடங்கியதற்குக் காரணம் இதற்கு அடுத்தது. பாஸ்டனில் ஆடிக்கொண்டிருக்கும்போதே சஃபோக் பல்கலைக்கழகச் சட்டப்பள்ளியில் இரவு வகுப்பில் சேர்ந்து 1968-ல் பட்டம் வாங்கினார். அப்போது அவர் ஓய்வை நெருங்கிய ஆள் இல்லை, லீக்கின் சிறந்த லைன்பேக்கர்களில் ஒருவர். பின்னாளில் மயாமியில் வழக்கறிஞர், வீரர்களுக்கு ஏஜென்ட், ஒரு பெரிய நிறுவனத்தின் தலைவர், எச்.பி.ஓ. தொலைக்காட்சியில் இரண்டு பத்தாண்டு நிகழ்ச்சித் தொகுப்பாளர். அப்புறம் இதில் எதிலும் சேராத ஒரு வேலை, அதற்குப் பிறகு வருகிறேன்.

இவர் வாழ்க்கையை எப்படி எடைபோடுவீர்கள்? எனக்கே இரண்டு மனம் இருக்கிறது, அதனால்தான் கேட்கிறேன்.

பழையஆட்டம் எழுதியது:

அண்ணா, ஆட்டத்தை ஒரே பத்தியில் தாண்டிவிட்டீர்கள். கொஞ்சம் நிறுத்திப் பேச விடுங்கள்.

1969-ல் பேட்ரியட்ஸ் இவரை மயாமி டால்ஃபின்ஸுக்கு மாற்றிவிட்டது. டால்ஃபின்ஸ் 1966-ல் தொடங்கிய குழந்தை அணி. அந்த வருடம் அவர்கள் கணக்கு 3 வெற்றி, 10 தோல்வி, ஒரு சமன். அடுத்த வருடம் டான் ஷூலா பயிற்சியாளராக வந்தார். மூன்றே வருடத்தில், 1972 சீசனில், 17 ஆட்டம் ஆடி 17-ம் வென்றார்கள். சூப்பர் பவுல் என்ற இறுதி ஆட்டம் வரை ஒரு தோல்வியும் சமனும் இல்லாத சீசன் இன்றுவரை அது ஒன்றுதான். அந்தத் தற்காப்பு அணியின் தலைவர் புவோனிகோன்டி.

அந்தத் தற்காப்புக்கு 'பெயரில்லாத் தற்காப்பு' என்று பெயர். டாலஸ் பயிற்சியாளர் டாம் லாண்ட்ரி, அவர்களில் ஒருவர் பெயரும் தனக்கு நினைவில்லை என்று சொன்னதிலிருந்து ஒட்டிக்கொண்டது. 1973 ஜனவரி 14 அன்று லாஸ் ஏஞ்சலிஸில் நடந்த ஏழாவது சூப்பர் பவுலில் வாஷிங்டனை 14-7 என்று வென்றார்கள். முதல் பாதி முடியப்போகும் நேரத்தில் வாஷிங்டனின் பில்லி கில்மர் எறிந்த பந்தைப் பாதி வழியில் பறித்து 32 கெஜம் ஓடினார் நிக். மயாமியின் இரண்டாவது டச்டவுன், அதாவது பந்தை எதிரணியின் கோட்டுக்கு அப்பால் கொண்டுசேர்த்து எடுக்கும் புள்ளிகள், அந்தப் பந்தில் வந்ததுதான்.

அடுத்த வருடம் ஹூஸ்டனில் மினசோட்டா வைக்கிங்ஸுக்கு எதிரான இறுதி ஆட்டம்தான் எனக்கு இன்னும் பிடித்தது. மயாமி 17-0 முன்னிலை. மினசோட்டா, மயாமியின் கோட்டுக்கு 6 கெஜம் முன்னால் நிற்கிறது, நான்காவதும் கடைசியுமான முயற்சி, ஒரு கெஜம் தேவை. ஆஸ்கர் ரீட் பந்தோடு உள்ளே பாய்ந்தார். நிக் மோதிய மோதலில் பந்து நழுவியது, ஜேக் ஸ்காட் எடுத்துக்கொண்டார். மினசோட்டாவின் மூச்சு அங்கேயே அடங்கிவிட்டது. 24-7.

அந்த ஆட்டத்தில் மினசோட்டா பக்கம் ஆடியவர் ஆலன் பேஜ். 1971-ல் தற்காப்பு வீரர்களில் முதல் ஆளாக என்.எஃப்.எல்.-இன் மிகச் சிறந்த வீரர் விருது வாங்கியவர். அவரும் ஆடிக்கொண்டே சட்டம் படித்து 1978-ல் பட்டம் பெற்றார், பின்னால் 1993 முதல் 2015 வரை மினசோட்டா உச்ச நீதிமன்ற நீதிபதியாக இருந்தார். ஒரே மைதானத்தில் ஒருபக்கம் ஏற்கெனவே வழக்கறிஞர், மறுபக்கம் வருங்கால நீதிபதி. இதை நினைத்தாலே எனக்குச் சந்தோஷமாக இருக்கிறது.

மாலைவகுப்பு எழுதியது:

நானும் பகலில் வேலை, மாலையில் சட்டம் என்று மூன்று வருடமாக ஓடுகிறேன். அதனால் எனக்கு அந்த 1968 என்ற வருடம்தான் கண்ணில் படுகிறது.

சஃபோக் சட்டப்பள்ளி தொடங்கியதே இரவுப் பள்ளியாகத்தான். 1906-ல் க்ளீசன் ஆர்ச்சர் என்ற இளம் வழக்கறிஞர் தன் வீட்டில் மாலை வகுப்பு நடத்த ஆரம்பித்தார். பகலில் உழைக்கிறவர்களும் புதிதாகக் குடியேறியவர்களின் பிள்ளைகளும் வக்கீல் ஆக வேண்டும் என்பது அவர் எண்ணம். ஒரு பேக்கரிக் குடும்பத்துப் பிள்ளை அங்கே போய்ச் சேர்ந்தது எனக்குப் பொருத்தமாகத்தான் படுகிறது.

உடம்பெல்லாம் வலியோடு ஒப்பந்தச் சட்டம் படித்திருப்பார். எனக்கு நாற்காலியில் உட்கார்ந்து வேலை பார்த்துவிட்டு வந்தாலே ஏழு மணிக்குக் கண் சொருகுகிறது.

ஒரு கேள்வி. சட்டத்தை அவர் உண்மையில் பயன்படுத்தினாரா, இல்லை சுவரில் மாட்டிய பட்டமா?

கோட்டோரம் எழுதியது:

பயன்படுத்தினார் தம்பி, அதுவும் சரியான நேரத்தில்.

1976 சீசனோடு ஆட்டத்தை விட்டார். அப்போது பேஸ்பால் உலகம் தலைகீழாக மாறிக்கொண்டிருந்தது. அதுவரை 'ரிசர்வ்' விதி என்று ஒன்று இருந்தது. ஒப்பந்தம் முடிந்தாலும் வீரர் விரும்பிய அணிக்குப் போக முடியாது, பழைய அணியே வருடா வருடம் புதுப்பித்துக்கொண்டே போகலாம் என்று உரிமையாளர்கள் அதற்குப் பொருள் சொல்லி வந்தார்கள். 1975 டிசம்பரில் நடுவர் பீட்டர் சைட்ஸ், அப்படிப் புதுப்பிப்பது ஒரே ஒரு வருடத்துக்குத்தான் செல்லும் என்று தீர்ப்பளித்தார். அன்றோடு வீரர்களுக்கு விலைபேசும் உரிமை வந்தது. உரிமை வந்தால் அதைப் பேசித்தர ஆள் வேண்டுமே. ஒப்பந்தம் படிக்கத் தெரிந்து, உடை மாற்றும் அறையின் மனநிலையும் தெரிந்த ஆள். புவோனிகோன்டி மயாமியில் வக்கீல் தொழிலோடு ஏஜென்ட் வேலையும் பார்த்தார். பேஸ்பால் வீரர்கள் பக்கி டென்ட், ஆந்த்ரே டாசன் இருவரும் அவருடைய கட்சிக்காரர்கள்.

இங்கே ஒரு சின்ன விலகல். பாஸ்டன் பேட்ரியட்ஸ் 1963 முதல் 1968 வரை சொந்த மைதானம் இல்லாமல் ஃபென்வே பார்க்கில் ஆடியது, பாஸ்டன் ரெட் சாக்ஸின் பேஸ்பால் மைதானம் அது. நிக்கின் இளமை ஓடிய புல்தரை. அதே ஃபென்வேயில் 1978 அக்டோபர் 2 அன்று நியூயார்க் யாங்கீஸ் சார்பில் ஹோம் ரன் அடித்து பாஸ்டனை அழவைத்தவர் பக்கி டென்ட்.

வேம்பு எழுதியது:

எல்லோரும் மகிழ்ச்சியாகப் பேசுகிறீர்கள். "ஒரு பெரிய நிறுவனத்தின் தலைவர்" என்று கோட்டோரம் ஒரே வரியில் கடந்துவிட்டாரே, அது என்ன நிறுவனம் என்று நான் சொல்கிறேன். யு.எஸ். டொபாக்கோ.

சிகரெட் இல்லை. ஈறுக்கும் உதட்டுக்கும் நடுவே அதக்கும் ஈரப் புகையிலை. கோபன்ஹேகன், ஸ்கோல் என்ற பெயர்களில் விற்றவர்கள். 1980-களின் முற்பகுதியில் அதன் தலைவராக இருந்தவர் இவர். வாயில் வைக்கும் புகையிலைக்கும் புற்றுநோய்க்கும் தொடர்பு என்று மருத்துவர்கள் சொல்லிக்கொண்டிருந்த அதே காலத்தில் பொதுவெளியில் நிறுவனத்தின் பக்கம் நின்று பேசினார். ஒரு விளையாட்டு வீரரின் முகமும் ஒரு வக்கீலின் நாக்கும் அந்தப் பொருளுக்குக் கிடைத்தன. மைதானத்தில் அவரைப் பார்த்து வளர்ந்த பையன்கள் எத்தனை பேர்?

என் அப்பாவுக்கு வாய்ப்புற்று. அதக்கும் பழக்கம் அவருக்குப் பதினாறு வயதில் வந்தது. கடைசி எட்டு மாதம் அவர் பேசவில்லை, எழுதிக் காட்டுவார். ஆகவே இந்த விஷயத்தை என்னால் "தொழில்" என்று தள்ளிவைக்க முடியாது.

ஒக்லஹோமாவில் ஒரு பையன், பள்ளியில் பதக்கம் பதக்கமாகக் குவித்த ஓட்டக்காரன், இந்தப் பழக்கம் இருந்தவன், நாக்கில் புற்று வந்து 1984-ல் இறந்துபோனான். வயது 19. அவன் தாய் யு.எஸ். டொபாக்கோ மீது வழக்குப் போட்டார். 1986-ல் ஜூரி நிறுவனத்துக்குச் சாதகமாகத் தீர்ப்புச் சொன்னது.

பழையஆட்டம் எழுதியது:

அக்கா, அப்பாவைப் பற்றிப் படித்ததும் மனசு கனத்துவிட்டது.

நான் அவரை நியாயப்படுத்த வரவில்லை. காலவரிசையை மட்டும் சொல்கிறேன். அமெரிக்காவில் இந்தப் புகையிலை டப்பாக்களில் எச்சரிக்கை அச்சிட வேண்டும், வானொலி தொலைக்காட்சி விளம்பரம் கூடாது என்ற சட்டம் 1986-ல்தான் வந்தது. அரசின் தலைமை மருத்துவ அதிகாரியின் அறிக்கையும் அதே வருடம். அதற்கு முன் அந்தத் துறையில் இருந்தவர்கள் பலரும் "இன்னும் நிரூபணமாகவில்லை" என்ற ஒரே வாக்கியத்தின் பின்னால் நின்றார்கள்.

வேம்பு எழுதியது:

அதைத்தான் நானும் சொல்கிறேன் தம்பி. அந்த வாக்கியத்தைச் சொல்லத் தெரிந்தவரைத்தான் அந்த நாற்காலியில் உட்காரவைப்பார்கள். நிரூபணம் யார் பொறுப்பு என்று வாதாடுவது வக்கீலுக்குச் சரி. வாயில் வைக்கிறவனுக்கு அந்த வாதம் உதவாது.

கோட்டோரம் எழுதியது:

வேம்பு, ஒரே வரியில் கடந்தது என் தவறு. எனக்கு இரண்டு மனம் என்று எழுதியதே இதனால்தான். விட்டுவைத்ததை இப்போது எழுதுகிறேன்.

நிக்கின் மகன் மார்க், தென் கரோலினாவில் உள்ள சிட்டடல் ராணுவக் கல்லூரியில் படித்தான். அப்பாவைப் போலவே லைன்பேக்கர். 1985 அக்டோபர் 26, கிழக்கு டென்னசி மாநிலப் பல்கலைக்கழகத்துடன் ஆட்டம். பந்தோடு வந்தவரை வீழ்த்தப் பாய்ந்தான். கழுத்து முள்ளெலும்பு விலகி, அப்படியே கிடந்தான். கழுத்துக்குக் கீழே எதுவும் அசையவில்லை. வயது 19.

வேம்பு சொன்ன பையனுக்கும் வயது 19. நான் இதைப் பொருத்திப் பார்த்து நியாயம் பேசவில்லை. யார் பிள்ளைக்கும் யார் செயலுக்கும் முடிச்சுப் போட எனக்கு உரிமை இல்லை. ஆனால் இரண்டு வழக்கையும் அடுத்தடுத்து வைத்துப் பார்க்காமல் இருக்க முடியவில்லை.

ஏனென்றால் மார்க்கும் நீதிமன்றம் போனான். முன்பே கழுத்தில் அடிபட்டிருந்தவனை ஆட அனுமதித்ததும், ஹெல்மெட்டின் முகக்கம்பியைத் தோள்கவசத்தோடு இழுத்துக் கட்டிய பட்டையும்தான் காரணம் என்பது வழக்கு. 1988-ல் விசாரணை நடந்தது. கல்லூரி சமரசம் செய்துகொண்டது. அணி மருத்துவர் மீது குற்றமில்லை என்று ஜூரி சொல்லிவிட்டது. ஒக்லஹோமாவில் ஒரு தாய் ஜூரியின் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தபோது, எதிர்ப்பக்கம் இருந்தது இவர் தலைமை தாங்கிய நிறுவனம். இரண்டே வருடத்தில் இவரே வாதியின் தகப்பன். சட்டம் படித்தவர் வேறு. ஜூரி எழுந்து நிற்கும்போது அடுத்து என்ன வரக்கூடும் என்று அந்தக் கூடத்தில் அவரை விட நன்றாகத் தெரிந்தவர்கள் குறைவாகத்தான் இருந்திருப்பார்கள்.

மகன் படுக்கையில் கிடந்தபோது, உன்னை நடக்கவைப்பேன் என்று வாக்குக் கொடுத்தார் நிக். அந்த வருடமே நரம்பு அறுவை மருத்துவர் பார்த் கிரீனோடு சேர்ந்து மயாமி பல்கலைக்கழகத்தில் 'மயாமி ப்ராஜெக்ட்' என்ற தண்டுவட ஆய்வு மையத்தைத் தொடங்கினார்கள். 1992-ல் புவோனிகோன்டி நிதியம். பேரம் பேசும் திறமை, பெரிய நிறுவனக் கதவுகள், தொலைக்காட்சி முகம், பழைய ஆட்டக்காரர்களின் நட்பு, அத்தனையையும் பணம் திரட்டுவதில் இறக்கினார். நியூயார்க்கில் வருடாவருடம் விளையாட்டு ஜாம்பவான்களைக் கூட்டி விருந்து. அவர் காலம் முடிவதற்குள் திரண்டது ஏறத்தாழ 50 கோடி டாலர்.

இயன்முறை எழுதியது:

வழக்கமாகப் படித்துவிட்டுப் போய்விடுவேன். தண்டுவடக் காயம் பட்டவர்களோடுதான் என் தினசரி வேலை, அதனால் எழுதுகிறேன்.

மார்க்குக்கு அடிபட்டது கழுத்தின் மூன்றாவது, நான்காவது முள்ளெலும்புகளுக்கு நடுவில். உதரவிதானத்தை இயக்கும் நரம்பு கழுத்தின் 3, 4, 5 மட்டங்களிலிருந்து கிளம்புகிறது. அங்கே அடிபட்டால் கை கால் மட்டும் போவதில்லை, மூச்சே போய்விடக்கூடும். 1985-ல் இப்படி வந்தவருக்கு மருத்துவமனைகள் தந்தது கிட்டத்தட்ட படுக்கைப்புண் வராமல் பார்ப்பதும் நோய்த்தொற்றைத் தடுப்பதும்தான். அறுந்த தண்டுவடத்துக்குச் செய்ய ஒன்றுமில்லை என்பதே பாடம். ஆகவே "நடக்கவைப்பேன்" என்று ஒரு தகப்பன் சொன்னதை அன்றைய மருத்துவர்கள் பரிதாபத்தோடுதான் கேட்டிருப்பார்கள்.

மார்க் நடக்கவில்லை. சக்கர நாற்காலியில் இருந்தபடி அந்த நிதியத்தை நடத்துகிறார். ஆனால் அந்த மையத்தில் நடந்த வேலையை ஒதுக்கிவிடாதீர்கள். ஷ்வான் செல் என்று ஒன்று உண்டு, உடலின் புற நரம்புகளுக்கு உறைபோடும் செல். அதை நோயாளியின் நரம்பிலிருந்தே எடுத்து வளர்த்து, காயம்பட்ட தண்டுவடத்தில் வைத்துப் பார்க்க அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு 2012-ல் அவர்களுக்கு அனுமதி தந்தது. முதல் கட்டம், பாதுகாப்பைச் சோதிப்பது மட்டும். அதற்கே 27 வருடம் ஆனது. இந்தத் துறையின் வேகம் இதுதான், பணம் குவிந்தாலும் இதுதான்.

இன்னொன்று, உடலைக் குளிர்விக்கும் சிகிச்சை. அடிபட்ட உடனே உடல் வெப்பத்தைச் சில டிகிரி குறைத்தால் வீக்கமும் இரண்டாம்கட்டச் சேதமும் குறையுமா என்று மயாமியில் வெகுகாலம் ஆராய்ந்தார்கள். 2007 செப்டம்பரில் பஃபலோ பில்ஸ் வீரர் கெவின் எவரெட் ஆட்டத்தில் கழுத்து ஒடிந்து விழுந்தபோது குளிர்ந்த உப்புநீர் ஏற்றினார்கள். பிறகு அவர் நடந்தார். காரணம் குளிர்விப்புதானா, உடனடி அறுவை சிகிச்சையா என்று மருத்துவர்களுக்குள் இன்னும் ஒத்த கருத்து இல்லை. என் நோயாளிகள் எவரெட் நடந்த வீடியோவைக் காட்டி "எனக்கும் செய்யலாமா" என்று கேட்பார்கள். காயம் பட்டுப் பல மாதம் ஆனவர்கள். அவர்களுக்கு இல்லை என்று சொல்வதற்கு எனக்கு இன்றும் பழகவில்லை.

வேம்பு எழுதியது:

இயன்முறை, நன்றி. இரண்டு தடவை படித்தேன்.

என் கருத்து மாறவில்லை, அந்தப் புகையிலை வருடங்கள் அப்படியே நிற்கின்றன. 50 கோடி டாலர் அதை அழிக்கும் என்று யாராவது சொன்னால் ஒத்துக்கொள்ள மாட்டேன். ஆனால் அந்தத் தகப்பனை என்னால் வெறுக்கவும் முடியவில்லை. இரண்டும் ஒரே ஆள்தான், வைத்துக்கொண்டே இருக்க வேண்டியதுதான்.

மாலைவகுப்பு எழுதியது:

அவருக்குக் கடைசியில் வந்ததும் ஒரு சட்டப் பிரச்சினைதான், அதை யாரும் தொடவில்லை.

2017-ல் அவர் நிலைமை வெளியே தெரிந்தது. நடக்கையில் விழுவது, நினைவு தப்புவது. அந்த வருடம் நவம்பரில், இறந்தபின் தன் மூளையைப் பாஸ்டன் பல்கலைக்கழக ஆய்வுக்குத் தருவதாக அறிவித்தார். திரும்பத் திரும்ப மண்டையில் படும் அடியால் மூளையில் டாவ் என்ற புரதம் தவறாகத் திரண்டு வருவது சி.டி.இ. என்ற நோய். உயிரோடு இருக்கும்போது அதை உறுதிசெய்ய வழியில்லை, மூளையை வெட்டிப் பார்த்தால்தான் தெரியும்.

இப்போது சட்டத்தைப் பாருங்கள். முன்னாள் வீரர்கள் என்.எஃப்.எல். மீது போட்ட வழக்கில் 2015-ல் நீதிமன்றம் ஒரு சமரசத்தை ஏற்றது. அதில் டிமென்ஷியா, பார்கின்சன், ஏ.எல்.எஸ். போன்ற மூளை நரம்பு நோய்களுக்கு இழப்பீடு உண்டு. சி.டி.இ.-க்கு? 2015 ஏப்ரல் 22-க்கு முன் இறந்தவர்களின் குடும்பத்துக்கு மட்டும். அதற்குப் பிறகு இறக்கும் யாருக்கும் அந்தத் தலைப்பில் ஒன்றும் கிடையாது. வக்கீல்கள் சொன்ன காரணம் எனக்குப் புரிகிறது: இறந்தால்தான் தெரியும் நோய்க்குப் பணம் என்றால் சாவுக்கு விலை வைத்தது போல ஆகிவிடும், அதனால் அறிகுறிகளுக்குத் தருகிறோம் என்றார்கள். புரிகிறது, ஆனால் ஏற்க முடியவில்லை. ஒரு தேதியைப் போட்டு நோயையே கணக்கிலிருந்து எடுத்துவிட்டார்கள்.

ஒப்பந்தங்களை வரிவரியாகப் படிக்கத் தெரிந்த ஒரு வீரர் இதைப் படித்தபோது என்ன நினைத்திருப்பார் என்று வகுப்பில் உட்கார்ந்து யோசித்துக்கொண்டிருந்தேன்.

பழையஆட்டம் எழுதியது:

அவர் செய்ததையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன். 2018 ஜனவரியில் ஹாரி கார்சன், ஃபில் வில்லபியானோ என்ற இரண்டு பழைய லைன்பேக்கர்களோடு சேர்ந்து பெற்றோருக்கு ஒரு கோரிக்கை வைத்தார்: 14 வயதுக்கு முன் பிள்ளைகளை மோதி வீழ்த்தும் ஆட்டத்துக்கு அனுப்பாதீர்கள், இடுப்பில் செருகிய துணியைப் பறிக்கும் ஃப்ளாக் ஆட்டம் ஆடட்டும். மோதலே வாழ்க்கையாக இருந்த மூன்று பேர் சொன்னது. எனக்கு இந்த ஆட்டம் உயிர். என் அக்கா மகன் ஒன்பது வயது, அமெரிக்காவில் இருக்கிறான், ஹெல்மெட் போட்டு ஆட ஆசைப்படுகிறான். அவனுக்கு ஃப்ளாக் ஆட்டம்தான் என்று அக்காவிடம் பேசி முடித்துவிட்டேன்.

கோட்டோரம் எழுதியது:

நல்லது செய்தீர்கள்.

விட்டுப்போன இரண்டை மட்டும் எழுதுகிறேன். 2006-ல் சிட்டடல் கல்லூரி மார்க்கின் 59-ம் எண் சட்டைக்கு ஓய்வு கொடுத்தது. வழக்கில் எதிரெதிராக நின்றவர்கள், 18 வருடம் கழித்து.

அதற்கு ஐந்து வருடம் முன்பு, 2001-ல், ஒஹையோவின் கேன்டனில் உள்ள அமெரிக்கக் கால்பந்துப் புகழ்மன்றத்தில் நிக்கைச் சேர்த்தார்கள். அங்கே ஒவ்வொரு வீரரையும் அறிமுகம் செய்ய அவரே ஓர் ஆளைத் தேர்ந்தெடுக்கலாம். ஷூலாவைக் கேட்டிருக்கலாம், யார் கேட்டாலும் வந்திருப்பார்கள். நிக் மார்க்கைக் கேட்டார். மகன் சக்கர நாற்காலியில் இருந்து அப்பாவை அறிமுகம் செய்தார். பதிலுக்குப் பேசிய நிக், மகனுக்கு நடக்க வேண்டும் என்று கனவு, தகப்பனாக அவன் பக்கத்தில் நடந்துபோக வேண்டும் என்பதைத் தவிர எனக்கு வேறு எதுவும் வேண்டாம் என்றார்.

2019 ஜூலை 30 அன்று நியூயார்க் மாநிலத்து பிரிட்ஜ்ஹாம்ப்டனில் இறந்தார். வயது 78.